கணவாய்க்கு எத்தனை அறிவு?

விலங்கியல் பாடத்தில் மட்டியும் கணவாயும் ஒரே தொகுதி, இரண்டும் மெல்லுடலிகள். மட்டிக்குத் தலை என்று ஒன்று கிடையாது. கணவாய் இனத்துக்கோ நம் கண்ணுக்குச் சளைக்காத கண் உண்டு. முதுகெலும்பில்லாத பிராணிகளிலேயே பெரிய மூளையும் அதற்குத்தான். ஆனாலும் வம்சம் ஒன்று என்பதால் பாடநூல் இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் உட்கார வைக்கிறது. உயிரியல் ஆசிரியையாக இருந்த காலமெல்லாம் நானும் கரும்பலகையில் அப்படித்தான் எழுதிப் போட்டேன். அதில் தப்பில்லை. ஆனால் வந்தவாசிப் பக்கத்துச் சமணக் குடும்பத்தில் பிறந்தவளுக்கு அந்த அட்டவணை பாதிக் கேள்விக்குத்தான் பதில். யார் யாருக்குச் சொந்தம் என்று அது சொல்லும். யாருக்கு வலிக்கும் என்று சொல்லாது.

எங்கள் வீட்டு அட்டவணை வேறு. உமாசுவாமியின் தத்துவார்த்த சூத்திரம் உயிர்களைப் புலன்களை எண்ணிப் பிரிக்கிறது. மண், நீர், நெருப்பு, காற்று, செடிகொடி ஆகியவற்றை உடலாகக் கொண்ட உயிர்களுக்குத் தொடு உணர்வு மட்டும். புழுவுக்குச் சுவையும் உண்டு. எறும்புக்கு மோப்பம் கூடும், வண்டுக்குப் பார்வை கூடும், மீன், பறவை, விலங்கு, மனிதர் வரிசைக்குச் செவியும் சேரும். தொல்காப்பிய மரபியலும் புல், மரத்தில் தொடங்கி நத்தை, எறும்பு, நண்டு, தும்பி என்று ஏறக்குறைய இதே படிகளில் ஏறி, மனத்தை ஆறாவது அறிவாக வைக்கிறது. தொல்காப்பியர் சமணரா என்ற சண்டைக்குள் நான் போகவில்லை. ஒவ்வொரு வரிசையிலும் இரண்டொரு பெயரைச் சொல்லிவிட்டு, அந்த இனத்தில் இன்னும் உண்டு என்று இடம் விட்டுப் போகிறாரே, அது எனக்குப் பிடிக்கும். மன உணர்வு இருக்குமானால் குரங்கும் ஆறறிவில் சேரும் என்று உரைகாரர்கள் பின்னால் அந்த இடத்தைப் பயன்படுத்திக்கொண்டார்கள்.

இந்தக் கணக்கு எங்கள் வீட்டில் கிணற்றடிவரை வரும். ஆயா தண்ணீரை இரட்டையாக மடித்த வெள்ளைத் துணியில் வடிகட்டுவாள். அதோடு வேலை முடியாது. துணியைத் திருப்பிப் பிடித்து, வடிகட்டிய தண்ணீரையே கொஞ்சம் மேலே விட்டு, துணியில் தங்கியதையெல்லாம் ஒரு சின்னச் சொம்பில் வாங்கிக்கொள்வாள். சொம்பைக் கயிற்றில் கட்டித் தண்ணீர் மட்டம்வரை இறக்கி, அங்கேதான் கவிழ்ப்பாள். மேலிருந்து கொட்டினால் அதுகளுக்கு அடிபடுமாம். எடுத்த கிணற்றிலேயேதான் விடவேண்டும். வேற்றுக் கிணற்றுத் தண்ணீர் ஒத்துக்கொள்ளாதாம். கண்ணுக்கே தெரியாத ஒன்றுக்கு இத்தனை உபசாரம்.

அந்தத் தண்ணீரும் எங்கள் கணக்கில் உயிர்தான். அதைக் குடிக்காமல் யாரும் வாழ முடியாது. அதனால்தான் கொல்லாமை விரதமும் இரண்டு அளவாக இருக்கிறது: ஓரறிவுக்கு மேற்பட்டதைக் கொல்லாதே என்பது இல்லறத்தாருக்கு, ஓரறிவையும் வருத்தாதே என்பது துறவிக்கு. செடிகளுக்குள்ளும் பிரிவு உண்டு. ஓர் உடலில் ஓர் உயிர் இருப்பது ஒருவகை. ஓர் உடலில் எண்ணற்ற உயிர்கள் குடியிருப்பது இன்னொரு வகை. கிழங்குகள் அதில் சேரும். சமணர் கிழங்கை விலக்குவது வெறும் ஆசாரமாகத் தெரியும். அதன் அடியில் இருப்பது ஒரு வகைப்பாடு.

தகவலாகப் பார்த்தால் இந்தப் பட்டியலில் பிழைகள் உண்டு. தோட்டத்து நத்தையின் கொம்பு நுனியில் கண் இருக்கிறது. எறும்புக்குக் கூட்டுக்கண் உண்டு. சூரியனின் திசையைப் பார்த்து வீடு திரும்பும் எறும்புகள் இருக்கின்றன. மூன்றறிவு என்பது அதற்குக் குறைச்சல்தான். ஆனால் நவீன வகைப்பாட்டுக்கு அடித்தளமிட்ட லின்னேயஸும் 1735-இல் தன் நூலில் திமிங்கிலத்தை மீன்களோடுதான் வைத்தார். 1758-இல் வந்த அந்த நூலின் பத்தாம் பதிப்பில்தான் அது பாலூட்டிகளோடு சேர்ந்தது. அப்போதும் நண்டு பூச்சிகளோடும் கணவாய் புழுக்களோடும் கிடந்தன. பதில்கள் திருந்திக்கொண்டே வரும். எந்தக் கேள்வியை விடாமல் பிடித்துக்கொள்கிறோம் என்பதுதான் விஷயம்.

யாருக்கு வலிக்கும் என்ற கேள்விக்கு இப்போது நாடாளுமன்றங்களும் வந்து சேர்ந்திருக்கின்றன. 2022-இல் பிரிட்டனில் வந்த விலங்கு நலச் சட்டம், உணர்வுள்ள பிராணிகளின் பட்டியலில் முதுகெலும்பிகளோடு நண்டு, இறால் வகைகளையும் கணவாய், ஆக்டோபஸ் வகைகளையும் சேர்த்தது. மட்டியைச் சேர்க்கவில்லை. பாடநூல் ஒன்றாக உட்கார வைத்த இரண்டைச் சட்டம் பிரித்து உட்கார வைத்துவிட்டது.

வரிசை என்று வந்துவிட்டால் உச்சியில் உட்காரும் ஆள் மமதை கொள்வான் என்ற பயம் நியாயமானது. ஆறறிவு படைத்தவன் என்று மேடையில் மார்தட்டுவதை நாம் கேட்காததா? சமணம் இதற்கு ஒரு மருந்து வைத்திருக்கிறது. பானைக்குள் வைத்த விளக்கின் ஒளி பானையளவு நிற்கும். அதே விளக்கைக் கூடத்தில் வைத்தால் கூடம் நிறையும். உயிரும் அப்படித்தான், எடுத்த உடலின் அளவுக்கு விரிந்து நிற்கிறது. எறும்பின் உயிரும் யானையின் உயிரும் உயிரென்ற வகையில் ஒன்றே. அப்படியானால் அறிவை எதற்கு எண்ணவேண்டும்? யாரையும் வருத்தாமல் ஒருவேளைச் சோறுகூட உண்ண முடியாது என்பதால். குறைந்த கேடு எது என்று பார்க்க நமக்கு ஒரு கணக்கு வேண்டும். அந்தக் கணக்கு தின்பவனின் கையைக் கட்டுவதற்கு; கீழ்ப்படியில் இருப்பதையெல்லாம் எடுத்துக்கொள் என்ற அனுமதிச் சீட்டாக அதைப் படிப்பவன் தலைகீழாகப் படிக்கிறான்.

மட்டிக்கு வலிக்குமா என்று கேட்டால் என்னால் அறுதியிட்டுச் சொல்ல முடியாது. சந்தேகம் வந்தால் அந்த உயிரை ஒரு படி மேலே ஏற்றி வை என்பதே என் கட்சி. மேலே ஏற்றியது தப்பென்று நாளை தெரிந்தால் நமக்கு நஷ்டம் ஒரு குழம்பு. கீழே இறக்கியது தப்பென்று தெரிந்தாலோ, நஷ்டப்பட்டது நாமாக இருக்க மாட்டோம்.