படக்கருவி ஏந்திய புலனாய்வு

உண்மைக் குற்ற ஆவணப்படம், அதாவது நடந்த குற்றத்தைச் சான்றுகளையும் நேர்காணல்களையும் கொண்டு மறுபடி ஆராயும் திரைப்படம், எவ்வளவு பொறுப்பு மிக்க பணி என்பதை எரால் மாரிசின் வாழ்க்கை தெளிவாக்குகிறது. தனியார் துப்பறிவாளராகவும் பணிபுரிந்த இந்த அமெரிக்க இயக்குநர், மரண தண்டனை வழக்குகளில் அரசுத் தரப்புக்குச் சாட்சியம் அளித்துவந்த மனநல மருத்துவர் ஒருவரைப் பற்றிப் படமெடுக்கவே டெக்சஸ் சென்றார். அங்கே, 1976இல் டல்லஸ் நகரில் நிகழ்ந்த காவலர் கொலைக்காகத் தண்டிக்கப்பட்டிருந்த ராண்டல் ஆடம்சைச் சந்தித்து, அவர் குற்றமற்றவர் என்ற முடிவுக்குப் படிப்படியாக வந்தார்.

இவ்வழக்கைப் பற்றி அவர் எடுத்து 1988இல் வெளியான ‘தி தின் புளூ லைன்’ படத்தில், கொலை நிகழ்ந்த இரவு திரும்பத் திரும்ப நடித்துக் காட்டப்படுகிறது. எனினும் ஒவ்வொரு முறையும் காட்சி ஒரு சாட்சியின் கூற்றுக்கேற்ப மாறுவதால், எது நடந்தது என்பதைவிட யார் கூற்று பொருந்தவில்லை என்பதையே பார்வையாளர் உணர்கிறார். இதுவே அப்படத்தின் தலையாய சாதனை. அரசுத் தரப்பின் முதன்மைச் சாட்சி, ஆடம்ஸ் நிரபராதி என ஏறத்தாழ ஒப்புக்கொள்ளும் இறுதி உரையாடலின்போது படக்கருவி பழுதாகிவிட்டதால், திரையில் ஒலிப்பதிவுக் கருவி மட்டுமே அண்மைக் காட்சியில் தெரிகிறது.

ஆடம்ஸ் 1989இல் விடுதலையானார். பின்னர், தம் வாழ்க்கைக் கதையின் உரிமைக்காக அதே இயக்குநர்மீது வழக்குத் தொடுத்து, நீதிமன்றத்துக்கு வெளியே அதைத் தீர்த்துக்கொண்டார். சிறையில் கழிந்த பன்னிரண்டு ஆண்டுகளுக்கு டெக்சஸ் மாநிலம் அவருக்கு இழப்பீடு எதுவும் வழங்கவில்லை.