கடைமடைக்கு வந்து சேராத பெயர்

முத்துப்பேட்டைக்காரர்களுக்குத் தலைமடை, கடைமடை என்பவை வெறும் சொற்கள் அல்ல. கல்லணையில் திறக்கும் தண்ணீர் வெண்ணாறு, கோரையாறு, பாமணியாறு என்று பிரிந்து பிரிந்து எங்கள் பக்கம் வரும்போது, சில ஆண்டுகளில் வாய்க்காலின் அடிமண்ணை நனைப்பதோடு சரி. அணை திறந்த செய்தி மட்டும் குறையாமல் வந்து சேரும்.

சில ஆண்டுகளுக்கு முன், எங்கள் பக்கத்துப் பள்ளி ஒன்றின் ஆண்டு விழாவில் நாடகம் போட்டார்கள். பன்னிரண்டாம் வகுப்புப் பெண் ஒருத்தி அதை எழுதி, மற்றவர்களுக்கு ஒரு மாதம் ஒத்திகை கொடுத்து, தானும் தாய் வேடத்தில் நடித்தாள். மேடையில் 'இயக்கம்' என்று ஓர் ஆசிரியரின் பெயரை அறிவித்தார்கள். அவளுக்குச் 'சிறந்த நடிகை' என்று ஒரு எவர்சில்வர் டிபன் பாக்ஸ். மறுநாள் என்னிடம் வந்தாள். "நடிச்சதுக்குக் குடுத்தாங்க அக்கா. நடிக்க வச்சதுக்கு?"

எனக்கு டி. பி. ராஜலட்சுமியின் நினைவு வந்தது. 1911இல் பிறந்தவர். ஊர் திருவையாறு, எங்கள் டெல்டாதான். சிறு வயதிலேயே மணம் முடித்து வைக்கப்பட்டு, அந்த வாழ்வு நிலைக்காமல், பிழைப்புக்காக நாடக மேடை ஏறியவர். 1931இல் தமிழின் முதல் பேசும் படமான 'காளிதாஸ்' வந்தபோது அவர்தான் கதாநாயகி. கதாநாயகன் தெலுங்கு பேச, இவர் தமிழ் பேசினார். யாரோ சொன்ன இடத்தில் நின்று பேசிய அந்தப் பெண், ஐந்தே ஆண்டுகளில், 1936இல், தானே எழுதிய 'கமலவல்லி' நாவலை 'மிஸ் கமலா' என்ற படமாக எடுத்தார். கதை, தயாரிப்பு, இயக்கம், நடிப்பு எல்லாம் அவரே. அப்போது அவருக்கு வயது இருபத்தைந்து. தென்னிந்தியாவின் முதல் பெண் இயக்குநர் அவர்தான்.

'முதல்' என்று சொல்லிவிட்டால் நம் கடமை முடிந்துவிடுகிறதா? இந்தியாவில் அவருக்கும் முன்பே, 1926இல், ஃபாத்மா பேகம் படம் இயக்கியிருக்கிறார். யார் முதல் என்ற கணக்கை இப்படி நீட்டிக்கொண்டே போகலாம். அவர்கள் என்ன செய்தார்கள் என்ற கேள்வி அங்கேயே நின்றுவிடும். ஒருத்தியை அதிசயமாக்கினால், மற்ற பெண்களுக்கு ஏன் வழி இல்லை என்று யாரும் கேட்க வேண்டியதில்லை.

முதல் பெண் என்று ஒருத்தியைக் காட்டுவதால்தானே அடுத்தவளுக்குத் துணிச்சல் வருகிறது என்று நீங்கள் கேட்கலாம். உண்மைதான், நானும் அதை மறுக்கவில்லை. ஆனால் அடுத்து வந்தவர்களைப் பாருங்கள். 1953இல் 'சண்டிராணி' எடுத்த பானுமதி, 1968இல் தெலுங்கில் 'சின்னாரி பாப்பலு' எடுத்த சாவித்திரி, 1995இல் 'இந்திரா' எடுத்த சுஹாசினி. மூவரும் முன்பே புகழ்பெற்ற நடிகைகள். உதவியாளராகச் சேர்ந்து, தொழில் கற்று, இயக்குநராகும் பாதை ஆண்களுக்கு என்றும் இருந்தது. ஒரு பெண் பிறரைப் பார்த்து இயக்க வேண்டுமென்றால், முதலில் பல ஆண்டுகள் தன்னைப் பிறர் பார்க்கக் கொடுத்தாக வேண்டியிருந்தது. 'முதல் பெண்' என்ற பட்டம் இந்த விலையைச் சொல்வதில்லை.

இன்னொன்றும் உண்டு. 'நடிகையாக இருந்து இயக்குநராக உயர்ந்தார்' என்று எழுதுகிறோம். நடிப்பு அப்படியொரு தாழ்ந்த படியா? ஒலிபெருக்கி இல்லாத மேடையில் கடைசி வரிசைவரை குரலை எட்ட வைத்தவருக்கு, கூட்டம் எங்கே அசையும், எங்கே அடங்கும் என்று தெரியாதா? இயக்கத்தை அவர் அங்கேதான் கற்றிருக்க வேண்டும். அந்தச் சிறுமியும் அப்படித்தான். தாயாக நடித்தவள்தான் மற்றவர்களை நடிக்க வைத்தாள். இரண்டையும் பிரித்து, ஒன்றுக்குப் பரிசு கொடுத்து இன்னொன்றைப் பறிப்பதுதான் அநியாயம்.

டென்மார்க்கில் போதில் இப்சன் என்றொரு நடிகை இருந்தார். பல ஆண்டுகள் மேடையிலும் திரையிலும் நடித்துப் புகழ்பெற்ற பிறகு, 1942இல் படம் இயக்க வந்தார். நாஜி ஆக்கிரமிப்பை எதிர்த்தவர்களைப் பற்றி, இன்னொருவருடன் சேர்ந்து அவர் இயக்கிய படம் 1946இல் கான் விழாவில் பரிசு பெற்றது. அந்நாட்டுத் திரை விமர்சகர்கள் 1948 முதல் வழங்கும் விருதுக்கு அவர் பெயரையும் போதில் கியர் என்ற இன்னொரு நடிகையின் பெயரையும் நினைத்தே 'போதில்' என்று பெயர் வைத்தார்கள். இப்சனும் ராஜலட்சுமியும் இறந்தது ஒரே ஆண்டில், 1964இல். அங்கே அந்தப் பெயர் ஆண்டுதோறும் புதிய ஒருவரின் வேலையோடு சேர்த்து உச்சரிக்கப்படுகிறது. இங்கே நம்மில் பலருக்கு ராஜலட்சுமியின் பெயர் பொது அறிவுத் தேர்வின் ஒரு வரி விடை. 'காளிதாஸ்' படத்தின் பிரதிகூட இன்று இல்லை.

அழிந்த படச்சுருளை நாம் மீட்க முடியாது. ஆனால் செய்தவர் பெயரைச் செய்த வேலையோடு சேர்த்துச் சொல்வது நம் கையில் இருக்கிறது. ஊர் நாடகத்தின் நோட்டீசில், கல்லூரி விழா மேடையில், மகளிர் குழு தயாரிக்கும் சின்ன வீடியோவில் அதைச் செய்யலாம். தலைமடையில் தண்ணீர் திறந்ததைக் கொண்டாடுவோம், தவறில்லை. அது கடைசி வயல்வரை வந்ததா என்று போய்ப் பார்ப்பதும் நம் வேலைதான்.

அந்தப் பெண்ணுக்கு அன்று நான் பதில் சொல்லவில்லை. அவள் எழுதிய நாடகத்தின் நோட்டுப் புத்தகத்தை மட்டும் வாங்கிப் பார்த்தேன். அட்டையில் எழுத்தும் இயக்கமும் யாருடையவை என்று ஏதும் இல்லை. பேனாவை நீட்டினேன். கொஞ்சம் கூச்சப்பட்டாள். பிறகு தன் பெயரை எழுதினாள்.