கண் காணாத இடத்து நாணயம்

நம் வணிகப் பெருமக்கள் இருவர் மூவர் ஓரிடத்தில் கூடினால், இந்நாளில் தவறாமல் எழும் கேள்வி ஒன்றுண்டு. "கடைக்கு வராமல் வீட்டிலிருந்தே வேலை செய்கிறேன் என்று சிப்பந்தி கேட்கிறார். கண்ணுக்கு எட்டாத இடத்தில் இருப்பவருக்கு முழுச் சம்பளம் கொடுப்பது எவ்விதம்?" என்பதே அக்கேள்வி.

இவ்வாறு கேட்பவர்களைக் குறை கூறுவதற்கில்லை. முதலாளி கல்லாவில் அமர்ந்திருக்க, சிப்பந்திகள் அவர் கண்முன் நின்று வேலை செய்வதே கடை என்று நாம் பழகிவிட்டோம். ஆயினும், ஒரு பழக்கம் நமக்கு வசதியாக இருப்பதனாலேயே அது நீதியாகிவிடாது. ஆகவே இவ்விஷயத்தைச் சற்று ஆழ்ந்து நோக்குவோம்.

இந்நிலை எவ்வாறு வந்தது? சிங்கப்பூரைத் தலைமையிடமாகக் கொண்ட லஸாடா 2012இலும், ஷாப்பி 2015இலும் தொடங்கப்பெற்றன. அப்போதும் நம்மில் பலர் இணைய வணிகத்தைப் பெரிதாக எண்ணவில்லை. பின்னர் கொள்ளைநோய் வந்தது. 2020ஆம் ஆண்டு ஏப்ரல் 7ஆம் நாள் அத்தியாவசியமல்லாத கடைகள் மூடப்பட்டன. பெரும்பாலானவை ஜூன் 19இல்தான் மீண்டும் திறக்க அனுமதி பெற்றன. சிராங்கூன் சாலையே வெறிச்சோடிக் கிடந்த அந்நாட்களில், கைப்பேசியிலும் கணினியிலும் சரக்கை விற்கக் கற்றவர்கள் பிழைத்துக்கொண்டனர். நோய் தணிந்தது, கடைகள் திறந்தன, ஆனால் இணையக் கடையை யாரும் மூடவில்லை. அத்துடன், வீட்டிலிருந்து வேலை செய்து பழகியவர்களின் எண்ணமும் மாறிவிட்டது.

ஓர் உதாரணம் கொள்வோம். சிராங்கூன் சாலையில் துணிக்கடை நடத்தும் ஒருவரிடம், புக்கிட் பாத்தோக்கில் குடியிருக்கும் ஒரு பெண்மணி வேலை பார்க்கிறார். அவர் காலையில் புறப்பட்டு, ஜூரோங் ஈஸ்டிலும் ஊட்ரம் பார்க்கிலும் ரயில் மாறி, லிட்டில் இந்தியா வந்து சேர ஏறக்குறைய ஒரு மணி நேரம் ஆகிறது. திரும்பிச் செல்ல மற்றொரு மணி நேரம். வந்து அவர் செய்யும் வேலை என்ன? சேலைகளின் படங்களைக் கணினியில் ஏற்றுவது, விலை குறிப்பது, வாடிக்கையாளரின் கேள்விகளுக்கு விடை எழுதுவது, அனுப்பிய பொட்டலங்களுக்குக் கணக்கு வைப்பது ஆகியவையே. அவ்வேலை அனைத்தையும் அவர் தம் வீட்டு மேசையிலிருந்தும் செய்ய இயலும்.

அதே புக்கிட் பாத்தோக்கில், கிரசெண்ட் சாலையின் தொழிற்கூடக் கட்டடமொன்றில், அதே முதலாளிக்கு ஒரு கிட்டங்கி இருக்கிறது என்றும் கொள்வோம். அங்கே ஓர் இளைஞர் நாள் முழுதும் நின்றபடி சரக்கைப் பொட்டலம் கட்டுகிறார். அவர் வேலையை எந்தக் கணினியும் வீட்டுக்கு அனுப்பாது. ஒரே ஊர், ஒரே முதலாளி; ஆனால் ஒருவருக்குக் கிடைக்கக்கூடிய வசதி மற்றவருக்குக் கிடைக்காது. இந்த இருவரையும் நினைவில் வைத்துக்கொண்டே நாம் மேலே செல்ல வேண்டும்.

உலகப் பெரு நிறுவனங்களைப் பார்த்து வழி காண்போமென்றால், அவற்றுக்குள்ளும் ஒருமித்த கருத்தில்லை. அமேசான் நிறுவனம் தன் அலுவலக ஊழியர்கள் 2025 ஜனவரி முதல் வாரத்தில் 5 நாட்களும் அலுவலகம் வந்தாக வேண்டுமென்று கட்டளையிட்டது. சிங்கப்பூரிலோ, நீக்குப்போக்கான வேலை ஏற்பாடுகள் குறித்த முத்தரப்பு வழிகாட்டி நெறிமுறைகள் 2024 டிசம்பர் 1 முதல் நடப்புக்கு வந்தன. மனிதவள அமைச்சும், தொழிற்சங்கக் காங்கிரசும், முதலாளிகள் சம்மேளனமும் சேர்ந்து வகுத்தவை இவை. தகுதிகாண் காலத்தை முடித்த ஊழியர் முறைப்படி எழுதிக் கேட்டால், முதலாளி 2 மாதத்துக்குள் எழுத்து மூலம் விடையளிக்க வேண்டும். மறுத்தால் காரணம் கூற வேண்டும். இது கேட்கும் உரிமையே அன்றிப் பெறும் உரிமை அன்று. செலவு மிகும், வேலை கெடும், நடைமுறைக்கு ஒவ்வாது என்ற காரணங்களால் மறுக்கலாம். ஆனால், வேலையில் குறையில்லாத ஊழியரை, "என் கண் பார்வையிலேயே இருக்க வேண்டும்" என்ற விருப்பத்துக்காக மட்டும் மறுப்பது நியாயமான காரணமாகாது என்று அந்நெறிமுறை கூறுகிறது. "எங்கள் கடையில் அந்த வழக்கமில்லை" என்பதும் அவ்வாறே.

இது நம் மனத்தைச் சற்று உறுத்தத்தான் செய்யும். ஏனெனில் நாம் கூறும் காரணம் பெரும்பாலும் அதுதானே? அப்படியாயின், முதலாளியின் கண் எதைக் காண்கிறது என்று கேட்டுப் பார்ப்போம். முதலாளி உள்ளே நுழைந்ததும், மடித்து வைத்த துணியை எடுத்து மீண்டும் மடிக்கும் கடைப்பையனை நாம் அறியாதவர்களா? கண் உழைப்பையும் காணும். உழைப்பின் நடிப்பையும் உழைப்பென்றே காணும். இன்று கண்ணுக்குப் பதிலாகக் கணினியையே காவல் வைப்போரும் உளர். விசையை எத்தனை முறை தட்டினார், திரை எவ்வளவு நேரம் விழித்திருந்தது என்றெல்லாம் அது எண்ணிச் சொல்லும். பலன் என்ன? அமெரிக்காவின் வெல்ஸ் பார்கோ வங்கி, வேலை செய்வதுபோல் விசைகளைப் பொய்யாக இயங்கச் செய்த ஊழியர் பத்துப் பேருக்கு மேல் 2024இல் வேலையிலிருந்து நீக்கியது. விரலைக் காவல் காத்தால் விரல் அசையும். வேலை நடக்கும் என்பதற்கு அது உறுதியாகாது.

நிற்க. கண் காணாத இடத்து வேலை நமக்குப் புதிதா? நம் முன்னோரின் வாணிபமே அப்படிப்பட்டதுதானே! நாகூரிலும் காயல்பட்டினத்திலும் கீழக்கரையிலும் முதல் போட்டவர் இருந்தார். பினாங்கிலும் சிங்கப்பூரிலும் அவருடைய ஆள் கடை நடத்தினார். இடையே கடல் கிடந்தது. 1926இல் கட்டப்பட்ட ரஜூலாக் கப்பல் நாகப்பட்டினத்துக்கும் இவ்வூருக்கும் இடையே சென்று வந்த காலத்திலும், சரக்கும் கடுதாசியும் வந்து சேர நாட்கள் பல ஆயின. முதலாளியின் கண் அங்கே எட்டியதா? இல்லை. எட்டியது கணக்கு. இருப்பு எவ்வளவு, விற்றது எவ்வளவு, கடன் நிற்பது எவ்வளவு என்று ஏட்டில் எழுதி அனுப்பிய கணக்கே இருவரையும் பிணைத்தது. முளாரபா என்னும் பழைய கூட்டு முறையில் ஒருவர் முதல் தருவார். மற்றவர் உழைப்புத் தருவார். இலாபத்தைப் பேசியபடி பங்கிடுவர். உழைத்தவரின் தவறின்றி நஷ்டம் வந்தால் பண இழப்பு முதல் போட்டவரைச் சாரும். உழைத்தவர் இழப்பது தம் உழைப்பை. அமானிதம் என்னும் சொல் நம் வணிகத்தில் வேரூன்றியது ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டிருந்த இடத்தில் அன்று. பார்க்க முடியாத இடத்திலேதான்.

"ஆனால் அவர் பங்காளி, இவரோ சம்பளக்காரர் அல்லவா?" என்று கேட்கலாம். நல்ல கேள்வியே. பங்காளிக்கு இலாபத்தில் பாத்தியதை இருந்தது. ஆகவே இரவு பகல் பாராது உழைத்தார். சம்பளக்காரரிடம் அந்த உழைப்பை எதிர்பார்ப்பது, பங்கு கொடாமல் பங்காளியின் வேலையை வாங்குவதாகும். அவரிடம் நாம் கேட்கத்தக்கது, பேசிய வேலை பேசிய நேரத்தில் செவ்வனே முடிந்திருக்க வேண்டும் என்பதே. அதற்கு மேல் ஓர் அணுவும் கேட்க நமக்கு நியாயமில்லை. அதற்குக் குறைவாகத் தர அவருக்கும் நியாயமில்லை.

இனி, மறுபக்கத்தையும் காண வேண்டும். கண் காணாத இடத்தில் நம்பிக்கை வளர்ந்தது என்றோம். அநியாயமும் அங்கேயே வளர்ந்தது என்பதை மறைக்கலாகாது. தென்காசி, திருநெல்வேலிப் பகுதிகளில் வீட்டுத் திண்ணையில் அமர்ந்து பீடி சுற்றும் பெண்களை அறிவோம். இலையும் தூளும் நூலும் வீட்டுக்கு வரும். சுற்றிய பீடி திரும்பிப் போகும். கழிவு என்று ஒதுக்கியதற்குக் கூலி பிடிக்கப்படும். பிள்ளைகளும் கூடச் சுற்றிய உழைப்பு எந்தக் கணக்கிலும் ஏறாது. வீடுகளில் வேலை செய்வோரும் தொழிலாளரே என்று இந்தியா 1966ஆம் ஆண்டின் பீடி, சுருட்டுத் தொழிலாளர் சட்டத்தில் எழுதி வைக்க வேண்டியதாயிற்று. உலகத் தொழில் நிறுவனமோ வீட்டு வேலைக்கென்று 1996இல்தான் தனி உடன்படிக்கை செய்தது. தொழிற்கூடத்தில் நடந்தால் பத்துப் பேர் கண்டு கேட்கும் அநீதி, வீட்டுச் சுவர்களுக்குள் நடந்தால் கேட்பாரின்றிப் போகும்.

புக்கிட் பாத்தோக் பெண்மணியின் நிலை பீடித் தொழிலாளியின் நிலையன்று, மெய்தான். ஆனால், இரவு 11 மணிக்கு வாட்ஸ்அப்பில், "அந்தப் பச்சைச் சேலையின் படத்தை இப்போதே மாற்று" என்று செய்தி அனுப்புகிறோமே, அது எந்த நேரக் கணக்கில் சேரும்? அவர் வீட்டு மின்சாரத்திலும் இணையக் கட்டணத்திலும் நம் கடை நடக்கிறதே, அது யார் செலவு? "வீட்டில்தானே இருக்கிறாய்" என்னும் ஒரு சொல்லால் எத்தனை மணி நேர உழைப்பை நாம் இலவசமாக வாங்கிவிடுகிறோம்! சிப்பந்தி நம்மை ஏமாற்றுவாரோ என்று அஞ்சும் நாம், நாம் அவரை ஏமாற்றுகிறோமா என்று ஒரு முறையேனும் கேட்டதுண்டா?

ஊழியரும் தம் நெஞ்சைக் கேட்க வேண்டும். ஒரு முதலாளியின் நேரத்தில் மற்றொருவரின் வேலையைச் செய்வது, காணாத இடத்தில் கல்லாவில் கை வைப்பதற்கு ஒப்பாகும். வாடிக்கையாளரின் பெயரும் முகவரியும் தொலைபேசி எண்ணும் அவர் வீட்டுக் கணினியில் இருக்கின்றன. வாங்குபவர் நம்மை நம்பித் தந்த பொருள் அது. பிறர் கண்ணில் படாமல் காப்பது அவர் கடன்.

முதலாளிகள் எண்ண வேண்டிய கடமை மற்றொன்றும் உண்டு. ஷாங்காய் நகரில் சிடிரிப் என்னும் பயண நிறுவனம், தொலைபேசியில் வாடிக்கையாளருக்கு விடையளிக்கும் ஊழியரை வைத்து 9 மாதம் ஒரு சோதனை நடத்தியது. அதன் முடிவுகள் 2015இல் வெளியாயின. வீட்டிலிருந்தவர்களின் வேலை 13 சதவீதம் கூடியது. ஆனால் ஒரே அளவு வேலை செய்தும், அலுவலகத்தில் இருந்தவர்களைவிட அவர்களுக்குப் பதவி உயர்வு குறைவாகவே கிடைத்தது. சோதனை முடிந்ததும், வீட்டிலிருந்தவருள் பாதிப்பேர் தனிமை தாளாமல் அலுவலகத்துக்கே திரும்ப விரும்பினர். அதே நிறுவனத்தில், வாரத்தில் 2 நாள் வீட்டிலும் மற்ற நாட்கள் அலுவலகத்திலும் வேலை செய்யும் கலப்பு முறையைப் பின்னர் 1,612 பேரிடம் சோதித்தனர். வேலையும் குறையவில்லை, பதவி உயர்வும் குறையவில்லை, வேலையை விட்டு விலகுவோர் மூன்றில் ஒரு பங்கு குறைந்தனர் என்று 2024இல் அறிவித்தார்கள். கண்ணில் படாதவரை மறந்துவிடுவது மனித இயல்பு. அதை வெல்வது முதலாளியின் பொறுப்பு. கடைப்பையனாக வந்து முதலாளியானவர்கள் நம்மிடையே பலர். பக்கத்திலிருந்து கற்றதனால் உயர்ந்தவர்கள் அவர்கள். வீட்டிலிருந்து வேலை செய்பவருக்கும் அக்கல்வி கிடைக்க, வாரத்தில் சில நாள் அருகில் அமர்த்தித் தொழிலைச் சொல்லிக் கொடுப்பதே முறை.

இறுதியாக, கிட்டங்கி இளைஞருக்கு வருவோம். அவருக்கும், பொட்டலத்தை மோட்டார் சைக்கிளில் ஏற்றி மழையில் நனைந்து கொண்டுபோய்க் கொடுப்பவருக்கும் வீட்டிலிருந்து வேலை என்ற பேச்சே இல்லை. ஆனால் நீக்குப்போக்கு என்பது இடத்தை மட்டும் குறித்ததன்று. நேரத்தையும் வேலை அளவையும் குறித்தது. இடத்தை மாற்றித் தர இயலாதவருக்கு நேரத்தை மாற்றித் தரலாம். பிள்ளையைப் பள்ளியில் விட்டு வரக் காலையில் அரை மணி, வெள்ளிக்கிழமைத் தொழுகைக்குப் பதற்றமின்றிப் போய்வர ஒரு மணி, நோயுற்ற பெற்றோரைக் கவனிக்க முறை மாற்றம் ஆகியவை பெருஞ்செலவில்லாதவை. பொருள் கொண்டு சேர்ப்போருக்கு 2025 ஜனவரி 1 முதல் நடப்பிலுள்ள இணையத் தள ஊழியர் சட்டம், வேலையில் காயமுற்றால் இழப்பீட்டுக்கு வழி செய்திருக்கிறது. சட்டம் செய்ததோடு நம் கடன் தீர்ந்ததென்று எண்ண வேண்டாம். மேசை வேலை செய்பவருக்குக் காட்டும் பரிவை, சுமை தூக்குபவருக்குக் காட்டாமற் போனால் அது பரிவன்று, பாரபட்சமே.

ஆகவே வணிகப் பெருமக்களே, "கண் காணாதவரை நம்பலாமா?" என்ற கேள்வியைச் சற்றுத் திருப்பிப் போடுவோம். நம்மைக் காணாதபோதும் அவர் நம்மை நம்பும்படி நாம் நடக்கிறோமா? வேலை இன்னது, நேரம் இன்னது, செலவு இன்னாருடையது என்று முன்கூட்டியே எழுதி இருவரும் ஒப்புவோம். வாரந்தோறும் கணக்குப் பார்ப்போம். கணக்குச் சரியாயிருக்குமிடத்தில் காவலை விலக்குவோம். கடல் கடந்து கணக்கனுப்பியவர்களின் வழி வந்த நமக்குப் புக்கிட் பாத்தோக் எட்டாத தூரமன்று.