யாருடைய அறுபது?

காலம் யாருடையது? பஞ்சாங்கத்தைக் கேட்டால், கோள்களுக்குச் சொந்தம் என்னும். கடிகாரத்தைக் கேட்டால், எவருக்கும் சொந்தமில்லை என்னும். வாழ்ந்தவரைக் கேட்டால்? அப்படிக் கேட்பதற்குத்தான் நம் சமுதாயத்தில் ஒரு வழக்கம் இல்லை.

அறுபதாம் கல்யாணத்தை எண்ணிப் பாருங்கள். வாழ்ந்த ஆண்டுகளைப் போற்ற வைதிகம் வகுத்த விழா அது. குடம் குடமாக நீர் சொரிவார்கள், மந்திரம் முழங்கும், தாலி மறுமுறை ஏறும். ஆனால் அறுபது நிறைந்தது யாருக்கு? கணவனுக்கு! அருகில் அமர்ந்த மனைவியின் வயதை எவரும் எண்ணுவதில்லை. அவளுக்கு அறுபது நிறையும் நாள், அடுப்படியில் பிறந்து அடுப்படியிலேயே மறைகிறது. கணவனை இழந்தவளுக்கோ அந்த மணையே இல்லை. அவளும் அறுபது ஆண்டு வாழ்ந்தாளே, அந்த ஆண்டுகள் யார் கணக்கில்?

குன்றக்குடியும் காரைக்குடியும் அடங்கிய செட்டிநாட்டிலே இந்தக் கேள்விக்குத் தனிக் கூர்மை உண்டு. பர்மாவுக்கும் மலேயாவுக்கும் இலங்கைக்கும் கொண்டுவிற்கச் சென்ற ஆடவர்க்கு மூன்றாண்டு ஒரு தவணை. அந்த மூன்றாண்டின் வரவும் செலவும், முதலும் வட்டியும் பேரேட்டில் ஏறின. வீட்டின் இரண்டாங்கட்டில் காத்திருந்த பெண்ணுக்கும் அதே மூன்றாண்டுதான். அவள் கழித்த இரவுகளுக்குப் பற்று எழுதிய ஏடு எது? 1942இல் ரங்கூன் சப்பானியர் வசமாயிற்று. காடும் மலையும் கடந்து பல்லாயிரவர் கால்நடையாகவே இந்தியா திரும்பினர். நடந்தவர் பட்ட பாட்டை நாடு ஓரளவு அறியும். வருவாரா மாட்டாரா என்று வாயிலைப் பார்த்திருந்தவளின் பாட்டை யார் அறிவார்?

வள்ளுவர் அறிந்திருந்தார். நாள்களைத் தொட்டுத் தொட்டு எண்ணி விரல் தேய்ந்த பெண்ணைக் காமத்துப்பாலில் அவர் காட்டுகிறார். காத்திருப்பவர்க்கு ஒரு பகல் ஏழாக நீள்வதையும் சொல்கிறார். அளக்கும் காலம் வேறு, வாழும் காலம் வேறு என்ற உண்மை, மணிப்பொறி தோன்றும் முன்பே தமிழில் பதிந்துவிட்டது.

பஞ்சாங்கத்தின் காலத்தை நாம் மறுத்தோம். பகலில் எட்டில் ஒரு பங்கை ஆகாதென்று ஒதுக்கிய இராகு காலத்திலேயே மணவிழா நடத்திக் காட்டினோம். அது செய்ய வேண்டிய பணி; ஆனால் பாதிப் பணி. கெட்ட நேரம் என்று ஒன்றில்லை எனச் சொன்ன நாம், ஒவ்வொருவர் வாழ்ந்த நேரத்துக்கும் மதிப்புண்டு என்று காட்ட என்ன செய்தோம்? புரோகிதர் இல்லாத மணிவிழா எடுத்தோம். அங்கே நடப்பதென்ன? மேடை, மாலை, பத்துப் பேரின் புகழுரை, விழா நாயகரின் ஐந்து நிமிட நன்றியுரை! துணைவியார்க்கு ஒரு பொன்னாடை; பேச ஒரு நொடி இல்லை. புரோகிதர் போனார்; கணக்கு மாறவில்லை.

ஆகவே ஒரு புதிய வழக்கம் வேண்டும். அதைக் 'காலப் பகிர்வு' என்று அழைப்போம். ஆண்டுக்கு ஒரு மாலை, ஊர் நூலகத்திலோ பள்ளித் திண்ணையிலோ வட்டமாக அமர்வது. மேடை கூடாது; தலைவர் கூடாது. முதற்சொல் முதிய பெண்களுக்கு. நீளாத ஆண்டு எது, நகராத நாள் எது, முழுக்க முழுக்கத் தனக்கென்று கிடைத்த ஒரு மணி நேரம் எது என்று அவரவர் சொல்வது. இளையோர் இடைமறிக்காமல் கேட்டு, பின்னர்த் தம் காலத்தையும் சொல்வது. அவ்வளவே!

பகுத்தறிவாளனுக்குச் சடங்கு எதற்கு என்று தோழர் சிலர் சினக்கலாம். 1928இல் சுக்கிலநத்தத்தில் சுயமரியாதைத் திருமணம் நடந்தபோது, அதுவும் புதிதாய்ச் செய்த வழக்கந்தானே? அண்ணா ஆட்சியில் 1967இல் நிறைவேறிய சட்டம் அத்தகைய திருமணங்களுக்கு உரிமை தந்தது. உற்றார் நண்பர் முன்னே, தமக்குப் புரியும் மொழியில், ஒருவரையொருவர் ஏற்பதாகச் சொன்னாலே போதும் என்றது. புரிந்த சொல்லுக்கு ஒரு திருமணத்தை ஆக்கும் ஆற்றல் உண்டென்றால், ஒரு வாழ்நாளைப் போற்றும் ஆற்றல் இராதா?

செயற்கையாக இருக்குமே என்பார் மற்றொருவர். எந்தச் சடங்கு வானத்திலிருந்து விழுந்தது? எல்லாம் மனிதர் செய்தவையே. செய்தவர் பெயர் மறந்துபோனதும் அதைத் தெய்வக் கட்டளை என்கிறோம். கேள்வி கேட்க அஞ்சுகிறோம். நாமே செய்த வழக்கத்தில் அந்த அச்சம் இல்லை. பிழை கண்டால் திருத்தலாம். பயன் தீர்ந்தால் விடலாம்.

ஒன்றில் மட்டும் விழிப்பு வேண்டும். சொல்லச் சொல்லி எவரையும் நெருக்கக் கூடாது. தன் காலம் தனக்குச் சொந்தம் என்றால், அதைச் சொல்லாமல் வைத்துக்கொள்ளும் உரிமையும் அதில் அடங்கும். வாயைக் கட்டுவது அடிமைத்தனம். வற்புறுத்தி வாயைத் திறப்பதும் அதன் உடன்பிறப்பே. சொல்ல வந்தவரையும் வாய் மூடி இருப்பவரையும் ஒருபடித்தாய் மதிக்கும் வட்டமே நாம் வேண்டும் வட்டம்.

தோழர்களே! உங்கள் தெருவிலே அறுபதைக் கடந்த அம்மையார் ஒருவர் கட்டாயம் இருப்பார். அவருக்கு விழா எடுத்தவர் எவரும் இலர். மாலை வாங்க வேண்டாம். மண்டபம் தேட வேண்டாம். அருகே அமர்ந்து, "உங்கள் காலத்தைச் சொல்லுங்கள் ஆச்சி" என்று கேளுங்கள். அந்த ஒரு கேள்வியிலேயே புதிய வழக்கம் தொடங்கிவிடும்.