பள்ளிவாசல் சுவரில் என்ன எழுதுவது?

 



சேலம், நாமக்கல் சமவெளியில் எந்த ஊருக்குப் போனாலும் பள்ளிவாசல் திருப்பணி நடப்பதைக் காண்கிறோம். ஓட்டுக் கூரை போய் மாடிக் கட்டடம் எழுகிறது. லாரிப் பட்டறையில் வேலை செய்பவரும், கொலுசுப் பட்டறையில் கண் நோக உழைப்பவரும், வாரச் சந்தையில் கடை விரிப்பவரும் தம்மால் இயன்றதை மனமுவந்து கொடுக்கிறார்கள். அல்ஹம்துலில்லாஹ்!

ஆனால் கட்டடம் முடிந்து வர்ணம் அடிக்கும் நேரத்தில்தான் ஷைத்தான் உள்ளே நுழைகிறான். யாருடைய பெயரைக் கல்லில் வெட்டுவது? யாருடைய பெயர் மேலே, யாருடையது கீழே? தம் பெயர் விடுபட்டதென்று ஒருவர் ஜுமுஆவுக்கு வருவதையே நிறுத்திவிட்ட செய்தியை ஓர் ஊரில் நாம் கேட்டோம். அல்லாஹ்வின் வீட்டுக்குக் கொடுத்த ஒருவர், அந்தக் கொடையின் காரணமாகவே அல்லாஹ்வின் வீட்டை விட்டு விலகிப் போவதென்றால், இதைவிட நஷ்டம் வேறென்ன இருக்கிறது?

ஆகவே, இறையில்லத்தின் சுவரில் எதை எழுத வேண்டும், எதை எழுதக் கூடாது என்பதை இம்மாதம் சிந்திப்போம். இதற்கு நாம் பைத்துல் முகத்தஸ் வரை போய் வர வேண்டும்.

அங்கே குப்பத்துஸ் ஸக்ரா என்னும் பொன்னிறக் குவிமாடக் கட்டடத்தைப் படங்களில் நீங்கள் பார்த்திருப்பீர்கள். உமையாக் கலீஃபா அப்துல் மலிக் இப்னு மர்வான் அவர்கள் ஹிஜ்ரி 72-ல், அதாவது கி.பி. 691-92-ல், அதைக் கட்டினார்கள். இஸ்லாமிய உலகில் ஏறத்தாழ முதல் வடிவத்திலேயே இன்றும் நிற்கும் கட்டடங்களில் மிகப் பழமையானது அதுவே. எட்டுப் பட்டையாக அமைந்த அதன் உள்ளே, தூண் வரிசையின் மேற்பகுதியில், இருபுறமும் சுற்றி வரும் எழுத்து வரி ஒன்று இருக்கிறது. அதன் நீளம் சுமார் 240 மீட்டர்! நீலப் பின்னணியில் பொன்னிறக் கூஃபி எழுத்துக்கள்.

அந்த எழுத்து வர்ணம் தீட்டியதன்று, மொசைக் வேலை. மொசைக் என்றால் நம் வீட்டுத் தரையில் கல் சில்லுகளைச் சிமெண்டில் கலந்து போட்டு, இயந்திரத்தால் தேய்ப்பார்களே, அதுதான் நமக்கு நினைவு வரும். அங்கே அப்படியன்று. கண்ணாடியையும் கல்லையும் விரல் நுனி அளவுக்கும் சிறிய கட்டிகளாக நறுக்கி, ஈரச் சுண்ணாம்பில் ஒவ்வொன்றாகக் கையால் பதிப்பார்கள். பொன்னிறக் கட்டியில் மெல்லிய தங்கத் தகடு கண்ணாடிக்குள் பொதிந்திருக்கும். ‘அலிஃப்’ என்ற ஒரே எழுத்தை நிறுத்தவும் எத்தனை கட்டிகள், எவ்வளவு பொறுமை வேண்டும் என்று எண்ணிப் பாருங்கள்!

மரங்கள், கொடிகள், பழங்கள், பூச்சாடிகள், அணிகலன்கள் எல்லாம் அந்தச் சுவர்களில் உண்டு. மனித உருவமோ மிருக உருவமோ ஒன்றுகூட இல்லை. அவருடைய மகனார் வலீத் அவர்கள் ஹிஜ்ரி 87 முதல் 96 வரை கட்டிய டமாஸ்கஸ் பெரிய பள்ளியிலும் அப்படித்தான். ஆறு ஓடுகிறது, மாளிகைகள் நிற்கின்றன, மரங்கள் அடர்ந்திருக்கின்றன. உயிருள்ள உருவம் மட்டும் இல்லை.

சரி, அத்தனை செலவு செய்து எழுதிய எழுத்து என்ன சொல்கிறது? பிஸ்மில்லாஹ்வுடன் தொடங்குகிறது. அல்லாஹ்வைத் தவிர வணக்கத்திற்குரியவன் இல்லை, அவன் தனித்தவன், அவனுக்கு இணையில்லை என்று சாட்சி கூறுகிறது. இக்லாஸ் சூராவின் வாசகங்கள் வருகின்றன. நாயகம் (ஸல்) அவர்கள் மீது ஸலவாத்துச் சொல்லுமாறு ஏவும் திருவசனம் வருகிறது. பிறகு வேதக்காரர்களை நோக்கிய நிஸா சூராவின் வசனங்கள்: மார்க்கத்தில் வரம்பு மீற வேண்டாம், மர்யமின் மகன் ஈஸா அல்லாஹ்வின் தூதர், மூன்று என்று சொல்ல வேண்டாம் என்னும் கருத்துடையவை. அதன் பின் மர்யம் சூராவிலிருந்து, ஈஸா அலைஹிஸ்ஸலாம் அவர்களின் பிறப்பின் மீதும், மரணத்தின் மீதும், மீண்டும் எழுப்பப்படும் நாளின் மீதும் ஸலாம் கூறப்படுகிறது.

இதைக் கவனியுங்கள். அந்நகரம் அப்போது கிறிஸ்தவர்கள் நிறைந்த நகரம். அவர்களுடைய தேவாலயத்தின் பெருங்குவிமாடம் பக்கத்திலேயே நின்றது. அதன் கம்பீரத்தைக் கண்டு முஸ்லிம்களின் உள்ளம் மயங்கிவிடக் கூடாது என்றே அப்துல் மலிக் இதைக் கட்டினார் என்று, அவ்வூரில் பிறந்த அறிஞர் முகத்தஸீ தம் சிறிய தந்தையாரின் சொல்லாகப் பதிவு செய்திருக்கிறார். அப்படிப்பட்ட இடத்தில் எழுதிய வாசகத்தில் மறுப்பு இருக்கிறது, ஏச்சு இல்லை. பிற சமயத்தாரிடம் நம் கொள்கையை எப்படிச் சொல்ல வேண்டும் என்பதற்கு, அவர்களுடன் அடுத்தடுத்த வீட்டில் வாழும் நமக்கு இதில் பாடம் உண்டு. ஹிஜ்ரி 77-ல் அதே கலீஃபா வெளியிட்ட தங்க தீனாரிலும் உருவத்தை நீக்கிவிட்டுத் தவ்ஹீதின் வாசகங்களையே பொறித்தார்கள்.

இனி, பெயர் விஷயத்துக்கு வருவோம். அந்த எழுத்து வரியின் முடிவில், கட்டியவரின் பெயரும் ஆண்டும் உண்டு. ஆனால் இன்று அங்கே இருக்கும் பெயர் அப்துல் மலிக் அன்று. அப்பாஸியக் கலீஃபா மஃமூனின் பெயர்! ஹிஜ்ரி 198 முதல் 218 வரை ஆண்ட மஃமூனின் காலத்தில், பழைய பெயர் இருந்த கட்டிகளைப் பெயர்த்துவிட்டு அவர் பெயரைப் பதித்துவிட்டார்கள். குறுகிய இடத்தில் நீண்ட பெயரை நுழைத்ததால் எழுத்துக்கள் நெருக்கியடித்துக் கிடக்கின்றன. பின்னணிக் கட்டிகளின் நிறமும் பொருந்தவில்லை. இதைவிட வேடிக்கை, ஆண்டை அப்படியே விட்டுவிட்டார்கள். ஹிஜ்ரி 72 என்றே இருக்கிறது. மஃமூன் பிறந்ததோ ஹிஜ்ரி 170-ல்! தாம் பிறப்பதற்கு ஏறக்குறைய நூறாண்டுகள் முன்பே கட்டடம் கட்டியவராக அவர் அங்கே நிற்கிறார்.

சகோதரர்களே! இரண்டு பேரரசர்களின் பெயருக்கும் அந்தச் சுவரில் நேர்ந்த கதியைப் பாருங்கள். ஒருவர் பெயர் பெயர்த்தெறியப்பட்டது. மற்றவர் பெயர் நகைப்புக்கு இடமானது. ஆனால் அல்லாஹ்வின் கலாமை யாரும் தொடவில்லை. ஆயிரத்து முந்நூறு ஆண்டுகளுக்கு மேலாகியும் அது தன் இடத்தில் இருக்கிறது. அரசர்களின் தங்க எழுத்துக்கே இந்தக் கதி என்றால், மின்விசிறியின் இறக்கையில் நாம் எழுதும் பெயர் எத்தனை நாளைக்கு?

மஸ்ஜிதுந் நபவியின் தொடக்கத்தை நினைத்துப் பாருங்கள். பச்சைச் செங்கல் சுவர், பேரீச்ச மரத் தூண், பேரீச்ச மட்டைக் கூரை. ஹஸ்ரத் உமர் (ரலி) அவர்கள் அதை விரிவாக்கியபோது, மழையிலிருந்து மக்களைக் காக்கும்படி கட்டச் சொல்லி, சிவப்பும் மஞ்சளும் பூசி மக்களைக் குழப்பத்தில் ஆழ்த்த வேண்டாம் என எச்சரித்தார்கள். ஹஸ்ரத் உஸ்மான் (ரலி) அவர்களோ செதுக்கிய கல்லாலும் சுண்ணச் சாந்தாலும் கட்டி, தேக்கால் கூரை வேய்ந்தார்கள். மக்கள் பேசியபோது, அல்லாஹ்வின் திருப்பொருத்தம் நாடிப் பள்ளி கட்டுபவருக்குச் சுவனத்தில் வீடு உண்டு என்ற நபிமொழியை எடுத்துக் காட்டினார்கள். ஆகவே உறுதியாகவும் அழகாகவும் கட்டுவது குற்றமன்று. தொழுபவரின் கவனத்தைக் கலைப்பதும், பெருமைக்குப் போட்டி போடுவதுமே குற்றம். கோடிட்ட போர்வை தொழுகையில் கவனத்தை இழுத்ததற்காக, நாயகம் (ஸல்) அவர்கள் அதை அபூ ஜஹ்ம் (ரலி) அவர்களிடமே திருப்பி அனுப்பிவிட்டு, கோடில்லாத போர்வையைக் கேட்டு வாங்கிக் கொண்டார்கள் அல்லவா?

நம் ஹனஃபி நூலான ஃபதாவா ஹிந்திய்யாவில், மிஹ்ராபிலும் சுவர்களிலும் குர்ஆன் வசனம் எழுதுவது விரும்பத்தக்கதன்று என்ற தீர்ப்பு இருக்கிறது. காரணம், எழுத்து உதிர்ந்து காலடியில் மிதிபடும் என்ற அச்சம். வர்ணம் உரிந்து, சுண்ணாம்புப் பொருக்கோடு எழுத்தும் தரையில் விழுவதை நம் பள்ளிகளிலேயே பார்க்கிறோம். இமாம்கள் சும்மா சொல்லவில்லை!

அப்படியானால் கல்வெட்டே கூடாதா? அப்படியுமன்று. நம் தமிழகத்தையே பாருங்கள். திருச்சி கோட்டை ரயில் நிலையத்துக்கு அருகில் உள்ள கல்லுப்பள்ளியின் அரபுக் கல்வெட்டு, ஹிஜ்ரி 116 என்ற ஆண்டைக் கொண்டதாகச் சொல்லப்படுகிறது. அது குப்பத்துஸ் ஸக்ராவுக்கு 44 ஆண்டுகளே பிந்திய காலம். மதுரை கோரிப்பாளையம் தர்காவிலே தமிழ்க் கல்வெட்டு. கூன் பாண்டியன் காலத்தில் 14,000 பொன்னுக்கு ஊர்கள் அளிக்கப்பட்டதையும், 1573-ல் வீரப்ப நாயக்கர் அதை உறுதி செய்ததையும் அது கூறுகிறது. இது பெருமைக்கு எழுதியதன்று; சொத்துக்குச் சாட்சி. இத்தகைய எழுத்து வக்ஃபைக் காக்கிறது.

ஆகவே, முத்தவல்லிகளுக்கும் ஜமாஅத்தார்களுக்கும் நாம் சொல்வது இதுதான். மிஹ்ராபைச் சுற்றி எளிமையாக விடுங்கள். கலிமாவை எழுதித்தான் ஆக வேண்டுமென்றால், உதிராத கல்லில் வெட்டிக் காலடி படாத உயரத்தில் வையுங்கள். பள்ளியின் நிலம், கடை, சர்வே எண், வாகிஃபின் நிபந்தனை ஆகியவற்றை வாசல் பக்கத்தில் தமிழில் தெளிவாக வெட்டி வையுங்கள்; நாளை ஆக்கிரமிப்பு வந்தால் அது பேசும். நன்கொடையாளர் பெயர்களைக் கணக்குப் புத்தகத்தில் எழுதுங்கள். ஐந்து ரூபாய் கொடுத்தவரின் பெயரும் அதில் இருக்கட்டும்.

கொடுப்பவர்களுக்கும் ஒரு வார்த்தை. தர்மத்தை வெளிப்படையாகச் செய்வதும் நல்லதே, மறைவாக ஏழைகளுக்குச் செய்வது அதைவிட மேல் என்று பகரா சூரா கற்பிக்கிறது. வலக்கை கொடுப்பதை இடக்கை அறியாதபடி கொடுப்பவருக்கு மறுமையில் அர்ஷின் நிழல் உண்டு. அந்த நிழலுக்கு ஆசைப்படுகிறவர் பளிங்குக் கல்லுக்கு ஏன் ஆசைப்பட வேண்டும்?

தாய்மார்களே! சுவரில் எழுதிய கலிமாவை உங்கள் பிள்ளை படிக்கிறானா, அதன் பொருள் அவனுக்குத் தெரியுமா என்று இன்றிரவு கேட்டுப் பாருங்கள். கட்டி கட்டியாகப் பதித்து எழுதிய அந்தக் கைவினைஞர்களைப் போல, ஒரு நாளைக்கு ஒரு சொல்லாக, இக்லாஸ் சூராவின் பொருளை அவன் உள்ளத்தில் பதியுங்கள். அந்த எழுத்தைப் பெயர்த்துவிட்டு வேறு பெயரை எழுத எந்த அரசனாலும் முடியாது.

யா அல்லாஹ்! எங்கள் கொடைகளை முகஸ்துதியிலிருந்து காப்பாயாக! எங்கள் பள்ளிகளைத் தொழுகையாளிகளால் நிரப்புவாயாக! பெயருக்காகப் பிரிந்து நிற்கும் ஜமாஅத்துகளை உன் பெயரால் ஒன்று சேர்ப்பாயாக! ஆமீன், யா ரப்பல் ஆலமீன்.