துக்கம் விசாரிக்க நமக்கென்ன உரிமை?

ஜாக் தெமி இயக்கிய 'ரோஷ்ஃபோரின் இளம்பெண்கள்' படத்தில் இரட்டைச் சகோதரிகளாக வரும் இருவரும் நிஜத்திலும் அக்கா தங்கைதான். அக்கா பிரான்சுவாஸ் தோர்லியாக், தங்கை கத்ரீன் தெனெவ். இரட்டையர் இல்லை, ஒன்றரை வயசு வித்தியாசம். பாட்டில் கேட்பதுகூட அவர்கள் குரல் இல்லை, இரவல்தான். ஆனால் ஒருத்தரை ஒருத்தர் பார்த்துச் சிரிக்கிற சிரிப்பு இரவல் மாதிரி தெரியவில்லை.

படம் 1967 மார்ச்சில் வந்தது. ஜூன் 26 அன்று, நீஸ் விமான நிலையத்துக்குக் காரில் போகும் வழியில், விபத்தில் பிரான்சுவாஸ் இறந்துபோனார். வயசு 25.

இது தெரிந்த பிறகு படத்தை முன்போலப் பார்க்க முடிவதில்லை. திருவிழா மேடையில் இருவரும் சிவப்பு உடையில் ஆடுகிறார்கள். நமக்கு நெஞ்சை அடைக்கிறது. அதை இரக்கம் என்று எடுத்துக்கொள்கிறோம். எனக்கு இப்போ அதில் சந்தேகம். 'ஐயோ, இன்னும் நாலு மாசம்கூட இல்லையே' என்று மனசு எண்ணிக்கொண்டிருக்கும்போது நாம் பார்ப்பது பிரான்சுவாஸையா, அவருடைய சாவையா?

ட்ரூஃபோ படத்தில் நடித்தவர். 'ரியோவிலிருந்து வந்த மனிதன்' படத்தில் பெல்மோந்தோவுக்கு ஈடுகொடுத்தவர். கத்ரீனின் ஆரம்ப காலப் படங்களில் ஒன்று, 1960-ல் இதே அக்காவுக்குத் தங்கையாக நடித்தது. இதெல்லாம் நம் கண்ணீரில் கரைந்துபோகிறது. மிஞ்சுவது 'செத்துப்போன அக்கா' மட்டும்தான்.

கத்ரீன் பல வருஷம் பொதுவில் அக்காவைப் பற்றி அதிகம் பேசவில்லை. 1996-ல் பத்ரிக் மோதியானோவுடன் சேர்ந்து ஒரு புத்தகம் கொண்டுவந்தார். தலைப்பு 'அவள் பெயர் பிரான்சுவாஸ்'. 29 வருஷம் கழித்து அவர் முன்னால் வைத்தது ஒரு பெயரை, விபத்தை அல்ல.

நீங்கள் கேட்கலாம்: அப்படியானால் 2024-ல் வந்த 'மார்செல்லோ மியோ'? அதில் மகள் கியாரா, இறந்துபோன அப்பா மார்செல்லோ மாஸ்த்ரோயானி மாதிரி வேஷம் போட்டுக்கொண்டு திரிகிறார். கத்ரீன் கத்ரீனாகவே வருகிறார். வீட்டுத் துக்கத்தை அவர்களே திரையில் வைத்த பிறகு நமக்கு என்ன தடை?

தடை இல்லைதான். ஆனால் அங்கே கதவைத் திறந்தது வீட்டுக்காரர்கள். எவ்வளவு திறப்பது, எப்போது சாத்துவது என்பதும் அவர்கள் கையில். துக்கம் விசாரிக்கப் போகிறவருக்குக்கூட எப்போது எழுந்து வரவேண்டும் என்று ஒரு கணக்கு உண்டு. ரசிகனுக்கு மட்டும் அது இல்லை. போய் உட்கார்ந்துவிடுகிறோம்.

தெரிந்ததை மறக்கவும் முடியாது. போன வாரம் மறுபடி அந்தப் படத்தைப் போட்டேன். ஜூன் மாசம் ஞாபகம் வரத்தான் செய்தது. 'இரு, அப்புறம் வரேன்' என்று அதைத் தள்ளிவைத்துவிட்டு பிரான்சுவாஸின் கைகளைப் பார்த்தேன். என்ன வேகம், என்ன குறும்பு! தங்கையைவிட நன்றாக ஆடுகிறாரோ என்றுகூடத் தோன்றியது. அந்த ஒரு பாட்டு முடிகிற வரைக்கும் அவரை நடிகையாகப் பார்க்க முடிந்தது.