அப்பீலில் திரும்பி வந்த தோப்பு

  



சில மாதங்களுக்கு முன் ஒரு பாய் அஸருக்குப் பிறகு என் அறைக்கு வந்தார். கையில் லட்டுப் பை. "ஹஸ்ரத், அப்பீலில் ஜெயிச்சாச்சு" என்றார். (அவரிடம் கேட்டுவிட்டுத்தான் சொல்கிறேன், பெயர் வேண்டாம்.) வாப்பா விட்டுப்போன தென்னந்தோப்பில் பாதி கேட்டு அவருடைய தம்பி வழக்குப் போட்டு பதினோரு வருடம். வாப்பா தனக்கே ஹிபா கொடுத்துவிட்டார், முழுத் தோப்பும் தன்னுடையது என்பது இவர் வாதம். முன்சீப் கோர்ட்டு தம்பிக்குப் பாதி என்றது. இவர் மேல்முறையீடு செய்தார்.

உத்தரவை வாங்கிப் படித்தேன். தோப்பை இவருக்குக் கொடுக்கவில்லை. பழைய தீர்ப்பை ரத்து செய்து, மறுபடியும் விசாரிக்கச் சொல்லிக் கீழ்க்கோர்ட்டுக்கே அனுப்பியிருந்தார்கள். காரணம், வாப்பாவுக்கு இரண்டு பெண்மக்களும் உண்டு. பதினோரு வருட வழக்கில் அவர்களைக் கட்சிக்காரர்களாகச் சேர்க்கவே இல்லை!

அண்ணன் முழுவதும் என்கிறார், தம்பி பாதி என்கிறார். உம்மா முன்பே மவ்த்தாகிவிட்டார்கள். இரண்டு ஆண், இரண்டு பெண் என்றால் மீராஸ் கணக்கில் ஆறு பங்கு. ஆணுக்கு இரண்டிரண்டு, பெண்ணுக்கு ஒவ்வொன்று. ஹிபா உண்மையில்லை என்றால் தம்பி கேட்ட பாதியும் தவறுதான். தொழுகையில் முன் ஸஃப்பில் நிற்கும் இரண்டு பேருக்கும் வராத ஞாபகம் ஒரு நீதிபதிக்கு வந்திருக்கிறது.

"கோர்ட்டு இழுத்தடிக்கிறது" என்று சொல்கிறோம். அந்த வேதனை பொய்யில்லை. வாய்தாவுக்கு அலைந்தே வாரிசுகள் மவ்த்தாகிப் போகிறார்கள். ஆனால் 1908-ஆம் வருடத்து சிவில் நடைமுறைச் சட்டம், இருக்கிற சாட்சியமே போதும் என்றால் மேல்கோர்ட்டே தீர்ப்புச் சொல்லலாம் என்கிறது. அதே சட்டத்தின் 41-ஆவது கட்டளையில் 23, 23-ஏ விதிகளின்படிதான் வழக்கைத் திருப்பி அனுப்புகிறார்கள். சும்மா திருப்பி அனுப்பக்கூடாது என்று சுப்ரீம் கோர்ட்டும் பலமுறை கண்டித்திருக்கிறது. கேட்க வேண்டியவரைக் கேட்காமல் விட்டிருந்தால் மட்டும் வேறு வழியில்லை.

ஷரீஅத்திலும் இந்த வித்தியாசம் உண்டு. மீராஸ் பாடம் ஓதியவர்களுக்கு முஷ்தரகா மஸ்அலா ஞாபகமிருக்கும். உமர் ரழியல்லாஹு அன்ஹு அவர்கள் ஒரு தடவை ஒரு விதமாகவும், பிறகு வந்த அதே மாதிரி வழக்கில் வேறு விதமாகவும் தீர்ப்பளித்தார்கள், முந்தியதைக் கலைக்கவில்லை. அது இஜ்திஹாதில் வந்த மாற்றம். ஆனால் அபூமூஸா அல்அஷ்அரீ ரழியல்லாஹு அன்ஹு அவர்களுக்கு உமர் அவர்கள் எழுதியதாக வரும் கடிதத்தில், நேற்றுச் சொன்ன தீர்ப்பு இன்று உண்மையின் பக்கம் திரும்புவதற்குத் தடையாக வேண்டாம் என்ற கருத்து இருக்கிறது. விடுபட்ட உரிமை தெரியவந்த பிறகு பழைய தீர்ப்பைப் பிடித்துக்கொண்டிருப்பது காழிக்கு கௌரவமல்ல.

பாய் அடுத்து ஒன்று கேட்டார்: "மறுவிசாரணையில் கோர்ட்டே முழுசும் எனக்குன்னு சொல்லிட்டா, ஹலால்தானே ஹஸ்ரத்?"

அபூதாவூதில் வரும் சம்பவத்தைச் சொன்னேன். சாட்சிகள் இல்லாத பழைய சொத்து விஷயமாக இரண்டு பேர் நபி ஸல்லல்லாஹு அலைஹி வஸல்லம் அவர்களிடம் வந்தார்கள். தாமும் ஒரு மனிதர்தான் என்றும், கேட்பதை வைத்தே தீர்ப்பளிப்பதாகவும், அடுத்தவர் உரிமையை அப்படி ஒருவருக்குக் கொடுத்துவிட்டால் அது நெருப்புத் துண்டு என்றும் எச்சரித்தார்கள். இரண்டு பேரும் அழுதுவிட்டார்கள். என் உரிமை அவருக்கே என்றார் ஒருவர். மற்றவரும் அதையே சொன்னார். அப்போதும் நபியவர்கள், சரி விட்டுக்கொடுங்கள் என்று அனுப்பிவிடவில்லை. நியாயமாகப் பங்கு வைத்து, சீட்டுப் போட்டு எடுத்து, ஒருவருக்கொருவர் ஹலாலாக்கிக்கொள்ளச் சொன்னார்கள்.

நபியின் தீர்ப்பே ஹராமை ஹலாலாக்காது என்றால், முன்சீப்பின் தீர்ப்பு ஆக்குமா? பட்டாவும் வரி ரசீதும் கோர்ட்டுக்குத்தான். வாப்பா உண்மையிலேயே ஹிபா கொடுத்துத் தோப்பை ஒப்படைத்தாரா என்பது இந்த பாய்க்குத் தெரியும். எந்த ஹைகோர்ட்டு நீதிபதியைவிடவும் நன்றாகத் தெரியும்.

அதைத்தான் கேட்டேன். "வாப்பா கொடுத்தாரா?" ரொம்ப நேரம் தரையையே பார்த்துக்கொண்டிருந்தார். பதில் சொல்லவில்லை. பையை வைத்துவிட்டுப் போய்விட்டார்.

போன வாரம் சகோதரிகள் இருவருக்கும் சம்மன் வந்திருக்கிறது. மூத்தவர் என் வீட்டாரிடம், "அண்ணன் தம்பியோட கேஸ் நடத்த எனக்கு வெட்கமா இருக்கு, எழுதிக் கொடுத்துடவா?" என்று கேட்டிருக்கிறார். மனப்பூர்வமாகத் தராத பொருள் இன்னொரு முஸ்லிமுக்கு ஆகுமானதல்ல. வெட்கத்துக்காகவும், நாளைக்குத் தாய்வீட்டுப் படி மிதிக்க முடியாதே என்ற பயத்துக்காகவும் போடும் கையெழுத்து மனப்பூர்வமா? முதலில் உங்கள் பங்கு எவ்வளவு என்று தெரிந்துகொள்ளுங்கள், அது உங்கள் கைக்கு வரட்டும், கொடுப்பதா இல்லையா என்று பிறகு யோசியுங்கள் என்று சொல்லி அனுப்பினேன்.